நிச்சயதார்த்தப் போட்டோவுக்கு என்ன உடை? பெண்ணைக் கேட்டீர்களா?

கல்யாணம் பேசி முடித்த வீட்டில் முன்பெல்லாம் முதல் கேள்வி, "எத்தனை பவுன் போடுதீங்க?" என்பதாக இருந்தது. அந்தக் கேள்வி போய்விடவில்லை. அதற்குப் பின்னாலேயே இப்போது இன்னொரு கேள்வியும் வந்து நிற்கிறது. "போட்டோவுக்கு என்ன டிரஸ் எடுக்கீங்க?"

நிச்சயதார்த்த மேடையில் எடுக்கும் போட்டோவை மட்டும் நான் சொல்லவில்லை. அதற்கு முன்போ பின்போ மாப்பிள்ளையையும் பெண்ணையும் ஊருக்குள் நாலு இடத்துக்குக் கூட்டிக்கொண்டு போய், நிற்க வைத்து, நடக்க வைத்து, சிரிக்க வைத்து எடுக்கிறார்களே, அதையும் சேர்த்துத்தான் சொல்கிறேன். காலையில் திருநெல்வேலி ஜங்ஷன் ஈரடுக்கு மேம்பாலத்துப் பக்கமோ, சுலோச்சன முதலியார் பாலத்துப் பக்கமோ, டவுன் ரத வீதிகளிலோ போகிறவர்கள் பார்த்திருப்பீர்கள். ஒரு பெண் தரையைக் கூட்டும் கவுனோடு நிற்பாள். ஒருவர் கவுனைத் தூக்கிப் பிடிப்பார். ஒருவர் குடை மாதிரி ஒரு வெள்ளைத் துணியைப் பிடிப்பார். மாப்பிள்ளை கோட்டு சூட்டில் வியர்த்துக் கொண்டிருப்பார்.

"இதெல்லாம் ஒரு விஷயமா? சிறுசுகள் சந்தோஷமாக இருந்துவிட்டுப் போகட்டுமே" என்று சிலர் சொல்வீர்கள். சந்தோஷமாக இருந்தால் நானும் சந்தோஷப்படுவேன். ஆனால் அந்த உடையை யார் தேர்ந்தெடுத்தார்கள், யார் பணம் கொடுத்தார்கள், அதைப் போட்டுக்கொண்ட பெண் என்ன நினைத்தாள் என்று கேட்டுப் பாருங்கள். கல்யாணத்துக்குப் பிறகு அந்தப் பெண் வாழப்போகும் வாழ்க்கைக்கு இந்த உடைதான் முதல் பாடம்.

எங்கள் காலத்தில் இவ்வளவு குழப்பம் கிடையாது. மாப்பிள்ளை வீட்டார் தாம்பூலத் தட்டில் பழம், பூ, மஞ்சள், குங்குமத்தோடு ஒரு பட்டுப் புடவை கொண்டு வருவார்கள். பெண் உள்ளே போய் அதை உடுத்திக்கொண்டு வந்து சபையில் நமஸ்காரம் செய்வாள். அந்தக் கோலத்தில் இரண்டு போட்டோ. அவ்வளவுதான். அதில் மட்டும் பெண்ணின் விருப்பத்தைக் கேட்டார்களா என்றால், இல்லை. புடவையின் நிறமே தட்டைத் திறந்த பிறகுதான் தெரியும். எனவே "அந்தக் காலம் பொற்காலம்" என்று நான் சொல்ல வரவில்லை. அன்றைக்கும் கேட்கவில்லை, இன்றைக்கும் கேட்கவில்லை. செலவு மட்டும் கூடியிருக்கிறது என்பதுதான் என் ஆதங்கம்.

என் கணவரின் அக்காள் மகளுக்கு சமீபத்தில் நிச்சயமானது. மாப்பிள்ளைக்கு சென்னையில் வேலை. நல்ல குடும்பம், நல்ல பையன், குறை சொல்ல ஒன்றுமில்லை. நிச்சயதார்த்தத்துக்குப் பத்து நாள் இருக்கும்போது மாப்பிள்ளையின் அம்மா போன் செய்தார்கள். "சென்னையிலெல்லாம் இப்போ கவுன், லெஹங்கான்னு ரெண்டு செட் எடுத்துத்தான் போட்டோ பிடிக்காங்க. நம்ம சொந்தக்காரங்க எல்லாரும் பார்ப்பாங்க. நீங்க பார்த்துச் செய்ங்க" என்றார்கள். "பார்த்துச் செய்ங்க" என்ற வார்த்தைக்கு என்ன அர்த்தம் என்று பெண்ணைப் பெற்ற ஒவ்வொருத்தருக்கும் தெரியும்.

மதினி வீட்டுக்காரர் பஸ் கண்டக்டராக இருந்து ஓய்வு பெற்றவர். கல்யாணத்துக்கென்று கையில் வைத்திருந்த பணத்தில் மண்டபத்துக்கும் சமையலுக்கும் முன்பணம் கொடுத்தாகிவிட்டது. இதற்கு மேல் கவுன் வாடகை ஒரு நாளைக்கு ஆறாயிரம், அதற்கு டெபாசிட் ஐயாயிரம். லெஹங்கா தனி. மேக்கப் போடுகிறவருக்குத் தனி. போட்டோக்காரர் ஒரு உடைக்கு ஒரு ரேட், இரண்டு உடைக்கு ஒரு ரேட் என்கிறார். மதினி மூக்குத்தி நீங்கலாக மற்றதையெல்லாம் அடகு வைக்கும் முகத்தோடு உட்கார்ந்திருந்தார்கள். "என்ன மதினி, முடியாதுன்னு சொல்லிற வேண்டியதுதானே" என்றேன். "நாளைக்குப் பிள்ளையை அங்க அனுப்பணுமே. ஆசப்படுதாவ, செஞ்சிருவோம்" என்றார்கள்.

இந்த "ஆசப்படுதாவ" என்ற சொல்லைக் கொஞ்சம் யோசித்துப் பாருங்கள் சகோதரிகளே. வரதட்சணைத் தடைச் சட்டம் 1961-லேயே வந்துவிட்டது. வாங்குவதும் குற்றம், கொடுப்பதும் குற்றம், கேட்பதும் குற்றம். அதனால் இப்போது யாரும் வாய் திறந்து கேட்பதில்லை. ஆசைப்படுகிறார்கள். அவர்கள் ஆசைப்பட்டால் நாம் செலவழிக்க வேண்டும். பெயர் மட்டும் மாறியிருக்கிறது.

இதில் வேடிக்கை என்னவென்றால், பெண்ணுக்குக் கவுனில் ஆசையே இல்லை. அவளைத் தனியாகக் கூப்பிட்டு, "ஏட்டி, உனக்கு என்ன உடுத்தணும்னு இருக்கு?" என்று கேட்டேன். "அத்தை, அம்மாவோட அரக்குப் பட்டு இருக்கில்லா, அதை உடுத்தி அம்மன் சந்நிதி வாசல்ல நின்னு ஒரு படம் எடுக்கணும். அது போதும்" என்றாள். அது மதினிக்கு நிச்சயதார்த்தத்தில் வைத்த புடவை. இருபத்தாறு வருஷம் பெட்டியில் இருந்தது. அவளே மாப்பிள்ளைக்குப் போன் போட்டுக் கேட்டாள். அந்தப் பையன் என்ன சொன்னார் தெரியுமா? "எனக்கும் கோட்டு போட்டா வேர்க்கும். வேட்டி கட்டிக்கிடுதேன்னு சொன்னா அம்மா கேக்க மாட்டேங்கா. நீ சொல்லிப் பாரேன்." உடுத்தப் போகிற இரண்டு பேருக்கும் வேண்டாம். பார்க்கப் போகிறவர்களுக்காக இவ்வளவு செலவு!

கடைசியில் கவுனும் எடுத்தார்கள், அரக்குப் பட்டும் உடுத்தினாள். பொய் சொல்லக்கூடாது. கவுன் போட்ட படங்களும் அழகாகத்தான் வந்திருக்கின்றன. ஆனால் திருப்பிக் கொடுக்கும்போது, ஓரத்தில் சேறு பட்டிருக்கிறது என்று சொல்லி வாடகைக் கடைக்காரர் டெபாசிட்டில் பாதியைப் பிடித்துக் கொண்டார். தரையைக் கூட்டும் உடையைத் தெருவில் போட்டால் சேறு படாமல் என்ன செய்யும்? அந்தப் பணமும் பெண் வீட்டுத் தலையில்தான் விழுந்தது.

கவுன் என்றாலே கலாசாரம் கெட்டுப் போச்சு என்று கொதிக்கிறவர்களோடு நான் சேரவில்லை. கவுனுக்குக் கொதிக்கிற பெரியவர்கள் மாப்பிள்ளையின் கோட்டு சூட்டைப் பார்த்து ஏன் ஒரு வார்த்தை சொல்வதில்லை? அது மட்டும் தாமிரபரணிக் கரையில் விளைந்ததா? கலாசாரத்தைச் சுமக்கிற வேலை எப்போதும் பெண்ணின் தோளுக்கே வந்து சேர்கிறது. பாளையங்கோட்டையில் கிறிஸ்தவக் குடும்பங்களில் வெள்ளைப் பட்டும் தலையில் நெட்டுமாக மணப்பெண் கோவிலுக்கு வருவதைத் தலைமுறை தலைமுறையாகப் பார்த்துத்தான் நாம் எல்லாரும் வளர்ந்திருக்கிறோம். வெளியூர் உடை நம் ஊருக்குப் புதிதில்லை.

அந்த வெள்ளைக் கவுனுக்கும் ஒரு கதை இருக்கிறது. 1840-ல் இங்கிலாந்தின் விக்டோரியா ராணி தன் கல்யாணத்துக்கு வெள்ளை சாட்டின் கவுன் உடுத்தினார். அதற்கு முன் அந்த நாட்டுப் பெண்கள் பல நிறங்களிலும் உடுத்தித்தான் மணம் முடித்தார்கள். ராணியைப் பார்த்துத்தான் வெள்ளை பரவியது. அந்தக் கவுனில் ஹோனிடன் லேஸ் என்ற கைப்பின்னல் வைத்திருந்தார்கள். மெஷின் லேஸ் வந்த பிறகு கையால் பின்னுகிறவர்களுக்கு வேலை குறைந்து போயிருந்த நேரம் அது. தன் நாட்டுப் பெண்களின் கைவேலையைத்தான் ராணி உடுத்திக் காட்டினார். நாம் அவர் உடுத்திய கவுனை மட்டும் பிடித்துக்கொண்டோம். அவர் யார் வேலையை உடுத்தினார் என்பதை விட்டுவிட்டோம்.

லேஸ் பின்னலும் நமக்கு அந்நியமில்லை. நம் மாவட்டத்து இடையன்குடியில் கால்டுவெல் ஐயரின் மனைவி எலிசா அம்மையார் பெண்களுக்கு லேஸ் பின்னக் கற்றுக் கொடுத்தார். அவருடைய தாயார் மார்த்தா மால்ட் அம்மையார் அதற்கு முன்பே நாகர்கோவிலில் அந்தக் கைத்தொழிலைத் தொடங்கி வைத்திருந்தார். ஏழைப் பெண்கள் கையில் நாலு காசு பார்த்த தொழில் அது. கவுன்தான் வேண்டும் என்று ஒரு பெண் மனசார ஆசைப்பட்டால் தாராளமாகப் போடட்டும். ஆசை அவளுடையதாக இருக்க வேண்டும், அவ்வளவுதான் நான் கேட்பது.

எனவே உடை எடுப்பதற்கு முன் வீட்டில் உட்கார்ந்து சில விஷயங்களைப் பேசிக்கொண்டால் நல்லது என்பது என் கருத்து.

முதலில் பெண்ணைக் கேளுங்கள். பத்துப் பேர் முன்னால் "உனக்கு இது பிடிச்சிருக்குல்லா?" என்று கேட்டால் எந்தப் பெண்ணும் தலையை ஆட்டத்தான் செய்வாள். தனியாகக் கேளுங்கள். கை இல்லாத ஜாக்கெட், முதுகு திறந்த கவுன் எல்லாம் சில பிள்ளைகளுக்குச் சகஜம். சில பிள்ளைகளுக்குக் கூச்சம். கூச்சத்தோடு நிற்கிறவளை எவ்வளவு விலை உயர்ந்த கேமராவும் அழகாகக் காட்டாது. தோளைக் குறுக்கிக்கொண்டு நிற்பது படத்தில் அப்படியே தெரியும்.

அடுத்தது செலவு. யாருடைய ஆசையோ அவர்களே செலவழிக்கட்டும் என்று பேச்சு வார்த்தையின்போதே சொல்லிவிடுங்கள். மாப்பிள்ளை வீட்டார் கவுன் கேட்டால் கவுனை அவர்கள் எடுத்துத் தரட்டும். பெண் வீட்டார் பட்டு வேண்டும் என்றால் பட்டுக்கு அவர்கள் கொடுக்கட்டும். போட்டோக்காரருக்குப் பாதிப் பாதி. மண்டபச் செலவு, சாப்பாட்டுச் செலவெல்லாம் பேசும்போது இதைப் பேசுவதில் என்ன வெட்கம்?

மூன்றாவது, மறுபடி உடுத்த முடியுமா என்று பாருங்கள். ஒரு காலை நேரத்துக்கு ஆறாயிரம் கொடுத்து வாடகைக்கு எடுப்பதை விட, அந்தப் பணத்துக்கு ஒரு புடவை எடுத்தால் வளைகாப்புக்கும் உடுத்தலாம், பிள்ளைக்குப் பேர் வைக்கும்போதும் உடுத்தலாம். பட்டு எடுக்கிறவர்கள் சில்க் மார்க் முத்திரை இருக்கிறதா என்று பார்த்து வாங்குங்கள். மத்திய பட்டு வாரியத்தின் ஏற்பாட்டில் 2004-ல் வந்த முத்திரை அது. சுத்தமான பட்டு என்பதற்கு அடையாளம். ஜரிகை நிஜமா என்பதைத் தனியாகக் கேட்டு, பில்லில் எழுதித் தரச் சொல்ல வேண்டும்.

பட்டுக்குக் கை எட்டாதவர்கள் வருத்தப்பட வேண்டாம். நம் பக்கத்திலேயே வீரவநல்லூர் இருக்கிறது. அங்கே சௌராஷ்டிர நெசவாளர்கள் கைத்தறியில் நெய்யும் செடிபுட்டா சேலைக்கு 2023-ல் புவிசார் குறியீடு கிடைத்தது. செடியும் பூவுமாக உடம்பு முழுக்கப் புட்டா போட்ட சேலை. பருத்தியும் செயற்கைப் பட்டு நூலும் கலந்து நெய்வதால் பளபளப்பும் உண்டு, உடம்புக்கும் பாரமில்லை. சென்னையிலிருந்து வருகிற சம்பந்தி வீட்டுக்கு இது புதுசாக இருக்கும். "எங்க ஊர்ச் சேலை" என்று சொல்லிக்கொள்ளலாம். விக்டோரியா ராணி செய்ததைத்தான் நாமும் செய்கிறோம் என்று சம்பந்தியம்மாளிடம் சொல்லுங்கள், மறுப்பார்களா?

அம்மாவின் பழைய பட்டை உடுத்த ஆசைப்படும் பெண்கள் ஒரு வாரம் முன்பே அதைப் பெட்டியிலிருந்து எடுத்து நிழலில் உலர்த்துங்கள். வெயிலில் போடாதீர்கள், நிறம் போய்விடும். பல வருஷம் ஒரே மடிப்பில் இருந்த பட்டு அந்த மடிப்பில்தான் முதலில் விடும். வெளிச்சத்தில் பிடித்துப் பாருங்கள். நைந்த இடம் இருந்தால் உள்பக்கம் மெல்லிய துணி வைத்துத் தைத்துக் கொள்ளலாம். ஜாக்கெட் மட்டும் புதிதாக, நல்ல பருத்தி லைனிங் கொடுத்துத் தைத்துவிட்டால் பழைய புடவை என்று யாருக்கும் தெரியாது. தெரிந்தால்தான் என்ன, பெருமைதானே.

நிறத்தைப் பற்றியும் சொல்லிவிடுகிறேன். கடையின் டியூப் லைட்டில் பார்த்து எடுத்துவிடாதீர்கள். வாசலுக்குக் கொண்டு வந்து பகல் வெளிச்சத்தில் பாருங்கள். எந்த இடத்தில் படம் எடுக்கப் போகிறீர்கள் என்பதையும் யோசியுங்கள். மேம்பாலத்துச் சிமெண்டுத் தூண்களுக்கும் கோவில் கல்மதிலுக்கும் முன்னால் அரக்கு, மஞ்சள், மயில் கழுத்து நிறமெல்லாம் எடுப்பாகத் தெரியும். சாம்பல் நிறம், மங்கிய நிறம் கல்லோடு கல்லாகிவிடும். வயல்காட்டில் பச்சைப் புடவை உடுத்தினால் முகம் மட்டும்தான் தெரியும். அடர்த்தியாகக் கோடும் குட்டிக் கட்டமும் போட்ட துணி படத்தில் அலை அலையாக நெளியக்கூடும். உச்சி வெயிலில் ஜரிகை கண்ணைக் கூசும். முகமும் கறுத்து விழும். நம் ஊர் வெயிலுக்குக் காலை எட்டு மணிக்குள் முடித்துக்கொள்வதே நல்லது. சாட்டின் துணியில் வியர்வை பட்ட இடம் திட்டுத் திட்டாகத் தெரியும் என்பதும் நினைவிருக்கட்டும்.

யாருமே பேசாத ஒரு விஷயம் உண்டு. ஊருக்குள் வைத்து இரண்டு மூன்று உடை மாற்றச் சொல்கிறார்களே, எங்கே மாற்றுவது? காருக்குள் உட்கார்ந்து, கண்ணாடியில் துண்டைச் செருகி, அம்மா ஒரு பக்கம் சித்தி ஒரு பக்கம் மறைத்துக்கொண்டு நிற்க, அந்தப் பெண் படும் பாடு கொஞ்சமில்லை. பாத்ரூம் வசதியும் கிடையாது. அதற்குப் பயந்து காலையிலிருந்து தண்ணீர் கூடக் குடிக்காமல் இருந்து, வெயிலில் தலை சுற்றி உட்கார்ந்த பெண்ணை நான் பார்த்திருக்கிறேன். உடை மாற்ற ஒரு வீடோ, ஓட்டல் அறையோ ஏற்பாடு செய்ய முடியாவிட்டால் ஒரே உடையோடு நிறுத்திக் கொள்ளுங்கள். மாப்பிள்ளைக்குக் கோட்டைக் கழற்றினால் வேலை முடிந்தது. பெண்ணுக்கு அப்படியா?

அதே போல ஆற்றங்கரை. குறுக்குத்துறையில் பாறை மேல் நின்று படம் எடுக்க எல்லாருக்கும் ஆசை. பாசி பிடித்த பாறை வழுக்கும். நீளமான கவுனும் பல அடுக்கு லெஹங்காவும் தண்ணீரில் நனைந்தால் கனத்துப்போய்க் காலைக் கட்டிவிடும். நீந்தத் தெரிந்தவளாலும் எழ முடியாது. மேலே அணையில் தண்ணீர் திறந்தால் கீழே ஆறு ஏறும். 2023 டிசம்பர் 17, 18 தேதிகளில் பெய்த மழையில் அந்த முருகன் கோவிலே வெள்ளத்தில் மூழ்கியதை நாம் மறந்துவிடவில்லை. படித்துறையில் உட்கார்ந்து எடுத்தால் போதாதா? தாமிரபரணி பின்னால் தெரியத்தானே செய்யும்.

கோவிலுக்குள் படம் எடுக்கலாம் என்று போட்டோக்காரர் சொன்னால் நம்பிப் போகாதீர்கள். கோவில்களுக்குள் செல்போனுக்கே தடை விதிக்கச் சொல்லி 2022-ல் உயர் நீதிமன்றம் உத்தரவு போட்டது. வாசலில் நின்று எடுப்பதென்றாலும் சாமி கும்பிட வருகிறவர்களுக்கு இடைஞ்சல் இல்லாத நேரமாகப் பார்த்துக் கொள்ளுங்கள்.

கடைசியாக ஒன்று சொல்ல மனசு கஷ்டமாகத்தான் இருக்கிறது. நிச்சயம் முடிந்து கல்யாணம் நின்றுபோகிற வீடுகளும் இருக்கின்றன. யார் மேல் குற்றம் என்றாலும் பேச்சு பெண் மேல்தான் வரும். அந்த நேரத்தில் இந்தப் படங்கள் ஊரெல்லாம் சுற்றிக்கொண்டிருந்தால் பெற்றவர்களுக்கு எப்படி இருக்கும்? படம் எடுக்க வேண்டாம் என்று சொல்லவில்லை. கல்யாணம் முடியும் வரை இரண்டு வீட்டோடு இருக்கட்டும். போட்டோக்காரரிடமும், "எங்களைக் கேட்காமல் விளம்பரத்துக்குப் போடக்கூடாது" என்று முன்பே எழுதி வாங்கிக் கொள்ளுங்கள்.

சுலோச்சன முதலியார் பாலத்தில் நின்று படம் எடுக்கிற பிள்ளைகளுக்கு அந்தப் பாலத்தின் கதை தெரியுமா என்று தெரியவில்லை. திருநெல்வேலிக்கும் பாளையங்கோட்டைக்கும் நடுவில் ஆற்றைக் கடக்க வழியில்லாமல் ஜனங்கள் பட்ட கஷ்டத்தைப் பார்த்து, சுலோச்சன முதலியார் தன் சொந்தப் பணத்தில் கட்டிக் கொடுத்தார். 1843-ல் திறந்த பாலம். அவருடைய மனைவி தன் நகைகளைக் கழற்றிக் கொடுத்ததாக நம் ஊரில் சொல்வார்கள். ஒரு பெண் ஊருக்காக நகையைக் கழற்றினாள் என்று பேசப்படுகிற பாலத்தில், இன்னொரு பெண்ணை வாடகைக் கவுனும் இரவல் நகையுமாக நிறுத்தி, அதற்காக அவள் அம்மாவின் நகையை அடகுக் கடைக்கு அனுப்புகிறோம். இது நியாயமா?

மகனைப் பெற்ற தாய்மார்களே, உங்களைத்தான் முக்கியமாகக் கேட்டுக்கொள்கிறேன். நாமும் ஒரு காலத்தில் தட்டைத் திறந்து பார்க்கும் வரை புடவையின் நிறம் தெரியாமல் இருந்தவர்கள்தான். வரப்போகிற மருமகளுக்கு ஒரு போன் செய்து, "உனக்கு என்ன உடுத்தணும்னு ஆசை தாயி? அதையே உடுத்து" என்று சொல்லிப் பாருங்கள். அந்த ஒரு வார்த்தையை அவள் ஆயுசுக்கும் மறக்க மாட்டாள். அவள் மனசு நிறைந்து சிரித்தால், படமும் தானாகவே அழகாக வரும்.

- ஒரு வாசகி, பாளையங்கோட்டை